சயாம் ரயிலுக்குக் காத்த தீட்டு

என் அப்பாவுக்குத் தண்டவாளம் என்றால் பைத்தியம். இதைச் செல்லமாகச் சொல்கிறேன் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். எனக்கு எழுபது வயதாகிறது. இன்றும் அந்த மனுஷரின் தேசப்படத்தை நினைத்தால் பற்றிக்கொண்டு வருகிறது.

அப்பா திருச்சியில் ரயில் கம்பெனி ஆபீசில் படம் வரைகிறவர். காலையில் ஸ்ரீரங்கம் ஸ்டேஷனில் பாசஞ்சர் வண்டி பிடித்து ஜங்ஷனுக்குப் போவார், சாயங்காலம் விரலில் மசிக்கறையோடு திரும்புவார். எங்கள் வீட்டுக் கூடத்தில் பெருமாள் படத்துக்குப் பக்கத்திலேயே இன்னொரு படம் மாட்டியிருந்தது. அப்பா தம் கையால் மெழுகுத் துணியில் வரைந்த தேசப்படம். இந்தியா, பர்மா, சயாம், மலாயா நான்கும் அதில் இருக்கும். போட்டு முடித்த ரயில் பாதை சிவப்பு மசியில், இனிமேல் போட வேண்டியது நீல மசியில் புள்ளி புள்ளியாக. வீட்டுக்கு யார் வந்தாலும், எண்ணெய் செட்டியாராக இருந்தாலும் சரி, ஒரு டம்ளர் மோர் கொடுத்துவிட்டு அதன் முன்னால் நிறுத்திவிடுவார்.

"எல்லாம் மீட்டர் கேஜ், கேட்டேளா? நம்ம வண்டி, பர்மா வண்டி, சயாம் வண்டி, மலாயா வண்டி, எல்லாத்துக்கும் ஒரே அகலம். நடுவுல இருக்கற இந்த நாலு நீலத் துண்டைப் போட்டுட்டா ஸ்ரீரங்கத்துல ஏறினவன் சிங்கப்பூர்ல இறங்கலாம். படுக்கையைச் சுருட்டவே வேண்டாம்."

இலங்கைமேல் மட்டும் அவருக்குக் கோபம். நாம் இங்கே மீட்டர் கேஜில் தனுஷ்கோடி வரை போய், கப்பல் ஏறித் தலைமன்னாரில் இறங்கினால், அங்கே அகலப்பாதையைப் போட்டு வைத்திருக்கிறானே என்று, ஏதோ அவர் சொத்தைப் பங்கு பிரித்ததுபோல அங்கலாய்ப்பார்.

அந்தக் கொழும்பு வண்டியை எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. ஒரு தடவை ராமேஸ்வரம் போகிறபோது நாங்களும் அதில்தான் போனோம். பின் பெட்டிகளில் மூட்டையும் குழந்தையுமாகத் தேயிலைத் தோட்டத்துக்குப் போகிற ஜனங்கள், கழுத்தில் கயிறு கட்டி அதில் சீட்டு. மண்டபத்தில் அவர்களை மட்டும் இறக்கினார்கள். கொட்டகையில் அடைத்து, மருந்துத் தண்ணீரில் முக்கி, நோய் இல்லை என்று தெரிந்தபிறகுதான் கப்பலில் விடுவார்களாம். முதல் வகுப்பில் இருந்தவர்கள் காப்பி குடித்துக்கொண்டே நேராகக் கப்பலுக்குப் போனார்கள். "நம்மை ஏன் இறக்கலை?" என்று கேட்டேன். "அவா கூலி ஜனங்கள், நோய்நொடி இருக்கும்" என்றார் அப்பா. சொல்லிவிட்டு, பாம்பன் பாலம் வருகிறது, ஜன்னல் பக்கம் வா என்று கூப்பிட்டார்.

அக்காவுக்கு அவர் மாப்பிள்ளை தேடியதும் இந்த லட்சணத்தில்தான். அவருடைய ஆபீசிலேயே அவருக்குக் கீழே படத்தைப் பார்த்து நகல் எடுக்கிற டிரேசராக இருந்த பையன். கோடு இழுத்தால் கை நடுங்காது என்பதுதான் அப்பா பார்த்த பொருத்தம். அதிர்ஷ்டவசமாக அத்திம்பேர் நல்லவராகவும் இருந்தார். சம்பந்தி வீடு எங்கள் தெருவுக்கு அடுத்த தெரு. அக்காவுக்குக் கல்யாணம் ஆனபோது பதினாறு வயது, எனக்கு எட்டு. அத்திம்பேர் என்னையும் கூப்பிட்டு உட்காரவைத்து, பழைய காகிதத்தில் ஒரே இழுப்பில் யானை வரைந்து காட்டுவார்.

அவரை மலாயாவுக்கு அனுப்பியது அப்பாதான். அங்கே ரயிலில் சர்வே வேலை காலி என்று தெரிந்ததும் இவரே விண்ணப்பம் எழுதி, இவரே மேலதிகாரியிடம் சிபாரிசும் வாங்கினார். கடல் தாண்டுவது சாஸ்திரத்துக்கு விரோதம் என்று சம்பந்தி வீட்டில் முணுமுணுத்தார்கள். அப்பா சிரித்தார். "அதெல்லாம் பாய்மரக் கப்பல் காலத்துச் சாஸ்திரம். ரயிலும் ஸ்டீமரும் வந்தப்புறம் ஏது கடல்?" என்றார். அந்தச் சிரிப்பை நான் இங்கே குறித்து வைக்கிறேன். இதே மனுஷர் பிற்பாடு எந்தச் சாஸ்திரத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார் என்பதைச் சொல்லத்தான் போகிறேன்.

அத்திம்பேர் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறினார். ஒரு வருஷத்தில் வீடு பார்த்து அக்காவை அழைத்துக்கொள்வதாக ஏற்பாடு. வீடும் பார்த்துவிட்டார். வாசலில் பவழமல்லி இருக்கிறது என்று கடிதம் வந்தது. அக்கா பெட்டி கட்டிக்கொண்டிருந்தபோது ஜப்பான்காரன் வந்துவிட்டான். சிங்கப்பூர் விழுந்தது. கடிதம் நின்றது.

மூன்றரை வருஷம். அவர் இருக்கிறாரா இல்லையா என்று சொல்ல ஆள் இல்லாமல் மூன்றரை வருஷம். அக்கா எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டாள். தபால்காரர் தெருமுனையில் வரும்போது அவள் கையில் எந்த வேலை இருந்தாலும் நின்றுபோகும். அவர் தாண்டிப் போனதும் மறுபடி நடக்கும். அவள் அழுது நான் பார்த்ததில்லை. நான்தான் அவளுக்காக எல்லோரிடமும் சண்டை போட்டுக்கொண்டிருந்தேன்.

யுத்தம் நடக்கும்போதே ஒரு நாள் அப்பா ஆபீசிலிருந்து வந்தவர் சட்டையைக்கூடக் கழற்றவில்லை. சிவப்பு மசிக் கூட்டை எடுத்துக்கொண்டு ஸ்டூல்மேல் ஏறினார். சயாமுக்கும் பர்மாவுக்கும் நடுவே இருந்த நீலப் புள்ளிகள்மேல் சிவப்புக் கோடு இழுத்தார். ஜப்பான்காரன் மலையையும் காட்டையும் வெட்டி அந்தத் துண்டைப் போட்டுக்கொண்டிருக்கிறானாம். மலாயா ரயில் ஆட்களையும், ரப்பர் தோட்டத்துத் தமிழர்களையும் வண்டி வண்டியாக அங்கே ஏற்றிப் போகிறானாம்.

அக்கா சமையலறை நிலைப்படியில் நின்று கேட்டாள். "அப்பா, அவரையும் அங்கே கொண்டுபோயிருப்பாளா?"

"போயிருந்தா அதிர்ஷ்டம்னு நினைச்சுக்கோ" என்றார் அப்பா, ஸ்டூலைவிட்டு இறங்காமலே. "இப்படி ஒரு லைன்ல வேலை பாக்க ஆயுசுல ஒருத்தனுக்குத்தான் வாய்க்கும்."

அக்கா உள்ளே போய்விட்டாள். எனக்கு அந்த ஸ்டூலை உதைத்துத் தள்ள வேண்டும் போலிருந்தது. உதைக்கவில்லை என்பதில் இன்றைக்கும் எனக்கு வருத்தம்தான்.

யுத்தம் முடிந்து மலாயாவுக்குத் தபால் போக ஆரம்பித்ததும் அப்பா கடிதம் எழுதித் தள்ளினார். ரயில் ஆபீசுகளுக்கு, தோட்டத்து கிளார்க்குகளுக்கு, முகவரி கிடைத்த இடத்துக்கெல்லாம். ஒவ்வொன்றிலும் அத்திம்பேரின் பெயரை எழுதி, கீழே அடையாளம் எழுதினார்: திருச்சிப் பக்கம், சர்வே வேலை, நெற்றியில் நாமம். எங்கள் தெருக்களில் ஒருவரை அடையாளம் சொல்ல முதலில் நெற்றியைத்தான் சொல்வோம். மூக்கு முழியெல்லாம் அப்புறம். கல்யாணப் போட்டோ ஒன்று வீட்டில் இருந்தது. அதைப் பிரதி எடுத்து அனுப்பலாம் என்று அவருக்கும் தோன்றவில்லை, எங்களில் யாருக்கும் தோன்றவில்லை.

கார்த்திகைக் கடைசியில் ஒரு பதில் வந்தது. ஏதோ ஒரு ரப்பர் தோட்டத்தின் கிளார்க், டைப் அடித்த கடிதம். அப்பா அதை இங்கிலீஷில் ஒரு தரமும் தமிழில் ஒரு தரமும் படித்தார். நீங்கள் எழுதிய பெயர் எனக்குத் தெரியாது, அங்கே எல்லோருக்கும் நம்பர்தான். ஆனால் எங்கள் முகாமில் சர்வே கோஷ்டியில் திருச்சிக்காரர், நாமம் போட்டவர் ஒரே ஒருவர் இருந்தார். அவர் காலராவில் போய்விட்டார். நானே கண்ணால் பார்த்தேன். வருந்துகிறேன். இவ்வளவுதான்.

"பேர் தெரியாதுங்கறானே" என்றாள் அக்கா.

"நாமம் போட்டவர் ஒருத்தர்தான்னு எழுதியிருக்கானே, வேற யாரா இருக்கும்?" என்றார் அப்பா. டைப் அடித்த காகிதத்தின்மேல் அவருக்கு அவ்வளவு நம்பிக்கை. முப்பது வருஷ ஆபீஸ் புத்தி.

சம்பந்தி வீட்டில் அந்தக் கடிதத்தைக் கிட்டத்தட்டக் கையெடுத்துக் கும்பிட்டார்கள். காரணம் இருந்தது. அவர்களுடைய இரண்டாவது பையனுக்கு இடம் நிச்சயமாகிற நிலையில் நின்றிருந்தது. பெண் வீட்டார் தயங்கினார்கள். மூத்தவன் கதி தெரியாத வீட்டில் எப்படிக் கல்யாணம் வைப்பது? பந்தல் போட்டு, ஊரைக் கூட்டி, மாலை மாற்றுகிற நேரத்தில் மலாயாவிலிருந்து தந்தி வந்தால் தீட்டு வந்துவிடுமே, எல்லாம் நின்றுபோகுமே என்று பயம். ஒரு முடிவு தெரிந்தால்தான் மேலே பேசலாம் என்று சொல்லியனுப்பியிருந்தார்கள். இப்போது முடிவு, மலாயா ஸ்டாம்பு ஒட்டித் தபாலிலேயே வந்துவிட்டது.

சேதி தெரியாதவனுக்குப் பன்னிரண்டு வருஷம் காத்திருக்க வேண்டும் என்று சாஸ்திரம் சொல்கிறது. அம்மா அதைச் சொல்லிப் பார்த்தாள். "சேதிதான் வந்துடுத்தே" என்று அடக்கியது அப்பாதான். கடலைச் சிரித்துத் தாண்டியவர்.

மார்கழியில் கொள்ளிடக் கரையில் தர்ப்பையையும் பலாச இலையையும் வைத்து ஓர் ஆளைக் கட்டினார்கள். தலை, கை, கால் எல்லாம் உண்டு. அதற்கு வேஷ்டி உடுத்தி, நெற்றி இருக்க வேண்டிய இடத்தில் நாமம் போட்டு, அக்காவின் மாமனார் கொள்ளி வைத்தார். இலைதானே, உடனே எரிந்துவிட்டது. பத்து நாள் தீட்டு காத்தோம். பத்தாம் நாள் அக்காவின் திருமாங்கல்யத்தை எடுத்தார்கள். எங்களவர்களில் தலைமுடியை எடுக்கிற வழக்கம் இல்லை. "மத்தவாளை மாதிரி மொட்டை அடிக்கலையே, அதுவரைக்கும் பெருமாள் காப்பாத்தினார்" என்று சம்பந்தியம்மாள் என் அம்மாவிடம் சொன்னாள். நான் அவளைப் பார்த்து ஏதோ கத்தினேன். என்ன கத்தினேன் என்று ஞாபகமில்லை. என்னை இழுத்துக்கொண்டு போய் உள்ளே தள்ளிக் கதவைச் சாத்தினது ஞாபகம் இருக்கிறது.

தையில் அந்த இரண்டாவது பையனுக்குக் கல்யாணம் நடந்தது. நாகஸ்வரம் எங்கள் வீடு வரை கேட்டது. அக்காவுக்கு இருபத்தைந்து வயது. நெற்றியில் ஒன்றும் இல்லாமல், எதிரே யாராவது வந்தால் ஒதுங்கி நிற்கப் பழகிக்கொண்டிருந்தாள்.

ஆடி பிறந்து நாலைந்து நாள் இருக்கும். மத்தியானம். வாசலில் யாரோ கூப்பிட்டார்கள். நான் போய்ப் பார்த்தேன். காக்கி அரை நிஜார், தாடி, வலது முழங்காலுக்குக் கீழே துணி சுற்றியிருந்தது. பிச்சை கேட்கிற மிலிட்டரிக்காரன் என்று நினைத்து, "போயிட்டு வாங்க" என்று சொல்லிவிட்டேன்.

"யானை வேணுமா?" என்றார் அவர்.

நான் போட்ட கூச்சலில் தெருவே கூடியது. அம்மா ஓடி வந்தாள். அப்பா ஓடி வந்தார். அம்மா வாசலைத் தாண்டி ஓர் அடி வைத்தவள் அப்படியே நின்றுவிட்டாள். ஏன் நின்றாள் என்று எனக்குப் புரிய ஒரு நிமிஷம் ஆயிற்று. கர்மா பண்ணி முடித்த ஆள் நிற்கிறான். அவனைத் தொடலாமா, உள்ளே விடலாமா என்று அவளுக்குத் தெரியவில்லை. ஐந்து வருஷம் கழித்து உயிரோடு வந்த மாப்பிள்ளையை வாசலில் வெயிலில் நிறுத்திவிட்டு, கர்மா பண்ணிவைத்த வாத்தியாரைக் கூப்பிட ஆள் அனுப்பினார்கள். அக்காவை உள்ளறையில் இருக்கச் சொன்னார்கள். அவள் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

வாத்தியார் வருகிற வரை என்ன பேசுவது? அப்பா பேசினார். அதைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை.

"அந்த லைன் நிஜமாவே பர்மா வரைக்கும் போய்ச் சேந்துதா, மாப்பிள்ளை?"

அத்திம்பேர் துணி சுற்றிய காலை மாற்றி ஊன்றிக்கொண்டார். "சேந்தது."

"மீட்டர் கேஜ்தானே?"

"மீட்டர் கேஜ்தான்."

அப்பாவின் முகம் மலர்ந்ததை நான் பார்த்தேன். அத்திம்பேரும் பார்த்தார். "இப்போ எல்லைப் பக்கத்துத் தண்டவாளத்தைப் பிடுங்கப் போறாளாம். கப்பல்ல வெள்ளைக்காரா பேசிண்டு வந்தா. அந்த லைன் யாருக்கும் வேண்டாமாம்" என்றார்.

"பிடுங்கப் போறாளா?" என்றார் அப்பா. "ஐயையோ!" அவர் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இலைப் பொம்மைக்குக் கொள்ளி வைத்தபோதுகூட வராத தண்ணீர்.

வாத்தியார் வந்தார். ஓலைச் சுவடியெல்லாம் பார்க்கவில்லை, எல்லாம் அவருக்கு மனப்பாடம். "இவருக்குண்டான கர்மா பூரா ஆயிடுத்து. சாஸ்திரப்படி இவர் இல்லை. திரும்பி வந்தவாளுக்குப் புனர்ஜன்மம் பண்ணி வெக்கணும். நெய்யில ஸ்நானம், பிறந்த குழந்தைக்குப் பண்ற ஜாதகர்மாலேர்ந்து ஆரம்பிச்சு, பேர் வெச்சு, பூணூல் போட்டு, அப்புறம் விவாகம். அதே பொண்ணைப் பண்ணிக்கலாம், தோஷமில்லை" என்றார்.

தோஷமில்லையாம்! ஆடியில் முகூர்த்தம் கிடையாது, ஆவணியில்தான் எல்லாம். அதுவரை அவர் யாருக்கும் மகனுமில்லை, யாருக்கும் புருஷனுமில்லை. இரண்டு வீட்டிலும் அவர் காலெடுத்து வைக்கக் கூடாது. அக்கா அவரைப் பார்க்கவே கூடாது. அவருடைய அப்பாவும் வந்து எட்ட நின்று பார்த்துவிட்டு, ஆமாம் ஆமாம், முறைப்படி செய்துவிடுவோம் என்றார். காவிரியில் அம்மா மண்டபம் படித்துறைக்குப் போகிற வழியில் ஒரு சத்திரத்தில் அறை பிடித்துக் கொடுத்தார்கள். "ஆவணிவரைக்கும் இருக்கேன்" என்றார் அத்திம்பேர். "எவ்வளவோ இருந்தாச்சு." ஜன்னலை ஒரு தரம் பார்த்துவிட்டு, காலை இழுத்து இழுத்து நடந்துபோனார்.

அவருக்குச் சாப்பாடு கொண்டுபோகிற வேலையை நானே எடுத்துக்கொண்டேன். கல்யாணம் ஆகாத பெண் சத்திரத்துக்குப் போவதாவது என்று அம்மா தடுத்தாள். "இல்லாதவருக்குத்தானே கொண்டுபோறேன், என்ன தப்பு?" என்று கேட்டேன்.

யுத்தம் முடிந்தும் கால் புண்ணோடு சயாமில் ஒரு முகாம் ஆஸ்பத்திரியில் கிடந்தாராம், அங்கிருந்து அவர் எழுதின கடிதம் ஒன்றும் எங்களுக்கு வந்து சேரவில்லை. மூன்றாம் நாளோ நாலாம் நாளோ அந்த கிளார்க்கின் கடிதத்தைப் பற்றிச் சொன்னேன். நாமம் போட்ட திருச்சிக்காரர் என்று அந்த கிளார்க் எழுதியதைச் சொன்னேன். கையில் எடுத்த கவளத்தை அத்திம்பேர் இலையிலேயே வைத்துவிட்டார்.

"அது நான் இல்லை" என்றார். "எனக்கு அங்கே திருமண் ஏது? முதல் மாசத்தோட தீந்துபோச்சு. நான் நாமம் போடறதை விட்டுட்டேன். அது எங்க கோஷ்டியில சங்கிலி பிடிச்ச பையன். துறையூருக்கு அந்தண்டை, பச்சைமலை அடிவாரத்துல ஒரு ஊர். தோட்டத்துலேர்ந்து பிடிச்சுண்டு வந்திருந்தா."

அளவுச் சங்கிலியின் ஒரு நுனியை அவன் பிடிப்பான், மறுநுனியில் அத்திம்பேர் கணக்கு எழுதுவார். மலையைக் குடைந்து வெட்டிய இடத்தில் ஒரு நாள் வெள்ளை மண் தட்டுப்பட்டதாம். அவன் அதை ஒரு கட்டி எடுத்து இடுப்பில் முடிந்துகொண்டான். தினம் காலையில் குழைத்து நாமம் போட்டுக்கொள்வான். "நீங்களும் போட்டுக்கங்க சாமி, பெருமாள் எங்கேயும் இருப்பாரு" என்று இவருக்கும் நீட்டுவான். இவருக்குத்தான் மனசில்லை. மழைக்காலத்தில் காலரா வந்தது. அவனையும் இன்னும் பல பேரையும் ஒரே குழியில் போட்டு மண்ணைத் தள்ளிவிட்டு, மறுநாள் பக்கத்திலேயே தண்டவாளத்துக்குக் கட்டை போட ஆரம்பித்தார்கள். அந்த இடத்துக்கு மேலேயே லைன் போகிறதா, தள்ளிப் போகிறதா என்று நான் கேட்கவில்லை.

நான் சாப்பாட்டுத் தூக்கோடு வீட்டுக்கு நடந்தபோது வழியெல்லாம் என்னையே திட்டிக்கொண்டு வந்தேன். புரட்டாசி சனிக்கிழமை தோறும் குடியானவர்கள் நெற்றி நிறைய நாமத்தோடு, வண்டி கட்டிக்கொண்டு எங்கள் தெருவழியாகத்தான் கோவிலுக்கு வருவார்கள். பிறந்ததிலிருந்து பார்க்கிறோம். ஆனாலும் நாமம் போட்டவன் என்று ஒரு காகிதத்தில் கண்டதும், அவன் எங்கள் தெருக்காரனாகத்தான் இருப்பான் என்று இரண்டு வீட்டில் ஒருவருக்குக்கூடச் சந்தேகம் வரவில்லை. வாத்தியாருக்கு வரவில்லை. எனக்கும் வரவில்லை. எவ்வளவு திமிர் இருந்தால் அது வராமல் போகும்?

அக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். கேட்டு முடிக்கிறவரை கை நிற்கவில்லை.

"அந்தப் பையனுக்கு அம்மா இருக்காளா?"

"இருக்காளாம். ஒரே பிள்ளையாம்."

"அவாளுக்கு யாராவது எழுதினாளா?"

யார் எழுதுவார்கள்?

மறுநாள் காலை அப்பா ஆபீசுக்குப் போனபிறகு அக்கா தலைக்கு ஊற்றிக்கொண்டு, பெட்டியின் அடியிலிருந்து அவளுடைய பச்சைப் புடவையை எடுத்துக் கட்டிக்கொண்டாள். கூடத்துக்கு வந்து, பெருமாள் சன்னிதிக் குங்குமத்தை எடுத்து நெற்றியில் இட்டுக்கொண்டாள். அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள்.

"ஆவணிவரைக்கும் பொறுத்துக்கோடி. மூணு வாரம்தானே. முறைப்படி ஆகிட்டா ஊர் வாயை அடைச்சுடலாம்."

"எந்த முறையும்மா? செத்தவர் அவர் இல்லை. அவர் எதுக்குப் பிறக்கணும்? நான் எதுக்கு மறுபடி கழுத்தை நீட்டணும்?" என்றாள் அக்கா. குரல் உயரவே இல்லை. அம்மா கதவை மறித்து நின்றாள். அக்கா அவளைத் தோளைப் பிடித்து மெதுவாக நகர்த்திவிட்டுப் படி இறங்கினாள். நானும் பின்னால் ஓடினேன்.

தெரு பூராவும் வாசலுக்கு வந்து நின்றது. சம்பந்தியம்மாள் எதிரே வந்தாள். அக்காவின் நெற்றியைப் பார்த்ததும் சட்டென்று திரும்பிச் சுவரைப் பார்த்து நின்றுகொண்டாள். இத்தனை மாதம் ஒதுங்கி நின்ற என் அக்கா அன்றைக்குத் தெரு நடுவில் நடந்தாள்.

சத்திரத்தில் அத்திம்பேர் காலுக்கு மருந்து கட்டிக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்திப் பார்த்தவர், கையிலிருந்த துணியைக் கீழே விட்டுவிட்டார். அக்கா கீழே உட்கார்ந்து, அந்தத் துணியை எடுத்து அவர் காலில் சுற்றிக் கட்டினாள். நான் வெளியே போய் நின்றுகொண்டேன். வெகு நேரம் கழித்து அவளே வந்து கூப்பிட்டாள். "துறையூர் பஸ் எத்தனை மணிக்குன்னு கேட்டுண்டு வா."

அன்றே போனோம், மூன்று பேரும். கரி அடுப்பு வைத்து ஓட்டுகிற பஸ். மேட்டில் ஏறாமல் இரண்டு தரம் எல்லோரும் இறங்கி நடந்தோம். துறையூரிலிருந்து மாட்டு வண்டி. பர்மாவுக்கும் சயாமுக்கும் நடுவே ஆளைப் புதைத்துப் பாதை போட்டாயிற்று, ஸ்ரீரங்கத்திலிருந்து முப்பது மைல் தள்ளி இருந்த இந்த ஊருக்கு ஒரு பாதை வேண்டும் என்பது மட்டும் யார் கண்ணிலும் படவில்லை. அப்பாவின் படத்திலும் அந்த ஊர் கிடையாது.

மலை அடிவாரத்தில் பத்துப் பதினைந்து வீடுகள். அந்த அம்மாள் களத்தில் கம்பு புடைத்துக்கொண்டிருந்தாள். ஊர் வந்தபிறகு மறுபடி போட ஆரம்பித்த நாமத்தோடு அத்திம்பேர் வருவதைப் பார்த்ததும் முறத்தை வைத்துவிட்டு எழுந்து கும்பிட்டாள். "வாங்க சாமி, வாங்க. எந்த ஊருங்க?" என்றாள். மலாயா என்ற சொல் வந்ததும் அவள் முகத்தில் வந்த சந்தோஷத்தை நான் எப்படி எழுதுவேன்? அக்காதான் சொன்னாள். காலரா என்றாள். உங்கள் பிள்ளை கடைசிவரை நாமம் போட்டுக்கொண்டிருந்தான் என்றாள். அப்புறம், எதையும் மறைக்காமல், ஆள் தெரியாமல் அவனுக்காக ஸ்ரீரங்கத்தில் எங்கள் வீட்டில் கர்மா நடந்ததையும் சொன்னாள்.

அந்த அம்மாள் அழவில்லை.

"எம் மவனுக்கா? நீங்களா?"

"ஆமாம்மா. பத்து நாள். நான்தான் உக்காந்திருந்தேன்."

"எந்த மாசந் தாயி?"

"மார்கழியில. ஏகாதசியை ஒட்டி."

"ஏகாதசிக்கு நான் சீரங்கத்துலதானே இருந்தேன்" என்றாள் அவள். "அவன் திரும்பி வரணும்னு வேண்டிக்கிட்டு வந்தேன். நாலு வீதியும் சுத்தினேன். உங்க வாசல்லகூடப் போயிருப்பேன். என்னையக் கூப்பிட ஒருத்தருக்கும் தோணலியா?" அவள் குரல் உடைந்து களம் முழுதும் கேட்கிற அளவுக்கு ஏறியது. "என் புள்ளைக்கு நீ உள்ள ஒக்காந்து அழுத, நான் வெளிய புதுச்சேலை கட்டிக்கிட்டுப் பொரி தின்னுக்கிட்டுப் போனேனே, தாயி!"